முகம் தெரிந்தது, நாள் சேரவில்லை: ஒரு ஜெர்மன் குணச்சித்திர நடிகரின் கணக்கு

2009 முதல் 2019 வரை பெர்லினில் நடிகர்களுக்கான ஒரு சின்ன ஏஜென்சியில் வேலை பார்த்தேன். நடிப்பைப் பற்றித் தீர்ப்புச் சொல்லும் இடத்தில் நான் இருந்ததில்லை. ஒப்பந்தம், சம்பளச் சீட்டு, அரசு அலுவலகக் கடிதம் இவைதான் என் மேசைக்கு வரும். அந்த மேசையிலிருந்து பார்த்த ஒரு நடிகரின் கதை இது. அவர் சம்மதத்தோடு எழுதுகிறேன். பெயர், வேலை பார்த்த ஊர், தொடர்களின் பெயர் எல்லாவற்றையும் விட்டிருக்கிறேன். சட்ட விதிகள் அந்தந்த ஆண்டில் இருந்தபடி.

பின்னணி

1961-இல் சாக்சனியில் பிறந்தவர். கிழக்கு பெர்லினில் எர்ன்ஸ்ட் புஷ் நடிப்புப் பள்ளியில் படித்து 1987-இல் வெளியே வந்தார். கிழக்கு ஜெர்மனியில் அப்போது நடிப்புப் படிப்பு முடித்தவர்களுக்கு வேலை தேடி அலையும் பாடு கிடையாது. ஏதாவது ஒரு நகர நாடக அரங்கில் நிரந்தரக் குழுவில் இடம் கிடைக்கும். இவருக்கும் கிடைத்தது. நடுநடுவே அட்லர்ஸ்ஹோஃபில் அரசுத் தொலைக்காட்சிக்குச் சின்ன வேடங்கள்.

1989-இல் சுவர் விழுந்தது. 1991 டிசம்பர் 31-ஆம் தேதியோடு அந்தத் தொலைக்காட்சியே மூடப்பட்டது. டெஃபா படநிறுவனத்தின் பாபெல்ஸ்பெர்க் ஸ்டுடியோ 1992-இல் ஒரு பிரெஞ்சு நிறுவனத்திடம் போனது. இரண்டு மூன்று ஆண்டு அலைந்துவிட்டு, 1994-இல் துரிங்கியா மாநிலத்தில் ஒரு நகர அரங்கில் சேர்ந்தார். அங்கே 14 பருவம் (ஒரு நாடகப் பருவம் ஏறக்குறைய ஓராண்டு) இருந்தார். மாதச் சம்பளம், காப்பீடு, வருடத்துக்கு ஐந்தாறு நாடகம். 1998 முதல் அரங்கில் விடுப்பு வாங்கிக்கொண்டு துப்பறியும் தொடர்களில் கௌரவ வேடமும் செய்தார்.

ஜெர்மன் தொலைக்காட்சியில் துப்பறியும் தொடர் என்பது ஒரு தனித் தொழிற்சாலை. மேற்கே 1970-இல் தொடங்கிய டாட்டோர்ட், அடுத்த ஆண்டே கிழக்கே தொடங்கிய போலிட்சைரூஃப் 110, மாலை ஆறு மணிக்கு ஓடும் ஸோக்கோ வரிசை என்று வாரத்துக்கு எத்தனையோ கொலை. ஒவ்வொரு கொலைக்கும் ஒரு பக்கத்து வீட்டுக்காரர், ஒரு முதலாளி, சந்தேகப்பட்டு விடுவிக்கப்படும் ஒருவர் வேண்டும். குணச்சித்திர நடிகர்களின் பிழைப்பு ஓடுவது அங்கேதான். வேடத்துக்கு ஒன்றிலிருந்து ஐந்து படப்பிடிப்பு நாள். சம்பளம் நாள் கணக்கு.

2007 கோடையில் அரங்கிலிருந்து ஒரு கடிதம் வந்தது: புதுத் தலைமை இயக்குநர் வருகிறார், ஒப்பந்தம் நீட்டிக்கப்படாது. ஜெர்மன் நாடக அரங்குகளின் பொது ஒப்பந்தத்தில் ஒரு விதி உண்டு. எட்டுப் பருவத்துக்கு மேல் இருந்தவருக்கு ‘நீட்டிக்கவில்லை’ என்று சொல்வதாக இருந்தால், முந்தைய பருவத்தின் ஜூலை 31-க்குள் சொல்லிவிட வேண்டும். பதினைந்தைத் தாண்டிவிட்டால் அவரை வெளியேற்றுவது ஏறக்குறைய முடியாது. அதனால் பதின்மூன்றாவது, பதினான்காவது பருவத்தில் இருப்பவர்கள் கோடை வந்தாலே தபால்பெட்டியைப் பயத்தோடுதான் திறப்பார்கள். தலைமை மாற்றத்தால் போகிறவர் என்பதால் சில மாதச் சம்பளம் ஈட்டுத்தொகையாகக் கிடைத்தது. 2008 ஜூலை 31 கடைசி நாள். அப்போது அவருக்கு 47 வயது.

2008 ஆகஸ்ட்: போடாத ஒரு கையெழுத்து

ஆகஸ்ட் 1-ஆம் தேதி அவர் வேலைவாய்ப்பு அலுவலகத்துக்குப் போகவில்லை.

காரணம் கேட்டால் எளிமையாகத்தான் சொல்வார். கையில் பணம் இருந்தது. செப்டம்பரில் நான்கு நாள் படப்பிடிப்பு உறுதியாகியிருந்தது. “நான் வேலை இல்லாதவன் இல்லையே, எதற்கு அங்கே போய் வரிசையில் நிற்கணும்?” கொஞ்சம் கௌரவமும் இருந்தது. அந்த ஊரில் அவரை எல்லோருக்கும் தெரியும். வரிசையில் முன்னால் நிற்பவர் போன மாதம் அவர் நாடகத்துக்கு டிக்கெட் வாங்கியவராக இருக்கலாம்.

அன்று அவர் கணக்கில் 14 வருட வேலையில்லாக் காப்பீடு முழுசாக இருந்தது. ஒரே ஒரு நாள் பதிவு செய்திருந்தால்கூட வேலையில்லாத காலத்துக்கு 12 மாத உதவித்தொகை பெறும் உரிமை பிறந்திருக்கும். மறுநாளே வேலை கிடைத்து வெளியே வந்தாலும் மிச்ச உரிமை நான்கு ஆண்டு உயிரோடு இருக்கும். பதிவு செய்யாவிட்டால் உரிமை பிறப்பதே இல்லை. பின்னால் எப்போது போய் நின்றாலும் அன்றிலிருந்து கடைசி இரண்டு ஆண்டைத்தான் பார்ப்பார்கள்.

இது அவருக்குத் தெரியாது. எங்கள் ஏஜென்சியில் அவர் சேர்ந்தது அந்த அக்டோபரில். தெரிந்திருக்க வேண்டிய நாங்களும் கேட்கவில்லை. நான் வேலைக்கு வந்தது 2009 தொடக்கத்தில். அவர் கோப்பில் புகைப்படம், உயரம், கண் நிறம், எந்தெந்த வட்டார வழக்கு பேசுவார், குதிரை ஓட்டுவாரா என்பதெல்லாம் இருந்தது. கடைசியாக எப்போது காப்பீட்டு வேலையில் இருந்தார் என்று எழுத ஒரு கட்டமும் இல்லை.

2009: நல்ல வருடம்

ஸ்டாசி எனும் கிழக்கு ஜெர்மன் உளவுத்துறையைப் பற்றிய ஒரு ஜெர்மன் படம் 2007-இல் ஆஸ்கர் வாங்கியிருந்தது. 2009 நவம்பரில் சுவர் விழுந்து 20 ஆண்டு நிறைவு. சேனல்கள் எல்லாம் அதற்காகப் படம் எடுத்தன. துப்பறியும் தொடர்களிலும் பழைய ஸ்டாசி அதிகாரி ஒருவர் வந்து போகாத வாரம் அபூர்வம். சாக்சனி வழக்கு நாக்கில் உள்ள, கண்ணை மெதுவாக இமைக்கும், நாற்பத்தெட்டு வயது நடிகருக்கு அது அறுவடைக் காலம். அந்த ஆண்டு 38 படப்பிடிப்பு நாள். நாள் சம்பளம் ஆயிரம் யூரோ சுற்றி.

ஒரு நாளைக்கு ஆயிரம் யூரோ என்றால் ஊரில் என் அண்ணன் வாயைப் பிளப்பான். வருடத்துக்கு 38 நாள் என்பதையும் சேர்த்துச் சொன்னால்தான் அதற்கு அர்த்தம். அதில் ஏஜென்ட் பங்கு, வரி, காப்பீடு போகும். வசனம் மனப்பாடம் செய்யும் நாளுக்கும் தேர்வுக்குப் போய்வரும் நாளுக்கும் தனிச் சம்பளம் இல்லை. மறுஒளிபரப்புக்கும் பெரும்பாலும் ஒன்றும் வராது. ஒரே தொகையில் எல்லா உரிமையையும் எழுதிக் கொடுத்துவிடும் ஒப்பந்தங்கள்தான் அப்போது சாதாரணம்.

2010 ஏப்ரலில் ஒரு கையெழுத்து வாங்குவதற்காக அவர் படப்பிடிப்பு ஒன்றுக்குப் போனேன். காலை 5.50-க்கு அவரை வண்டியில் ஏற்றியிருந்தார்கள். மேக்கப் முடிந்து வேனில் உட்கார்ந்திருந்தார். வேடத்தாளில் ‘ஓய்வு பெற்ற அதிகாரி, கிழக்கு, பேச்சு குறைவு’ என்று ஒரே வரி. உடைப் பொறுப்பாளர் பெண் வாடகைக் கடையிலிருந்து வந்த பழுப்பு நிற ஜாக்கெட்டைக் கொண்டுவந்தார். காலருக்குள் குண்டூசியால் ஒரு துணித்துண்டு குத்தியிருந்தது. யாருக்கான உடை என்று எழுதும் சீட்டு. அதில் ஏற்கனவே இவர் பெயர் இருந்தது. இரண்டு மாதம் முன்னால் வேறொரு கம்பெனி, வேறொரு தொடர், இதே ஜாக்கெட்டை இவருக்கே போட்டிருக்கிறது. அவர் சிரித்தார். அந்தப் பெண்ணும் சிரித்தார். மதியம் ஒன்றரைக்குத்தான் அவரை ஷாட்டுக்குக் கூப்பிட்டார்கள். நான்கு வரி வசனம், மூன்று டேக்.

2010 நவம்பர்: கவனித்தவை

ஆண்டு நிறைவு முடிந்ததும் அலை வடிந்தது. 2010-இல் நவம்பர் வரை 14 நாள்தான். ஈட்டுத்தொகை தீர்ந்துபோயிருந்தது. நவம்பர் 8-ஆம் தேதி வேலைவாய்ப்பு அலுவலகத்துக்குப் போனார். கவுண்டரில் இருந்தவர் நிமிர்ந்து பார்த்து, “உங்களை எங்கேயோ பார்த்திருக்கேனே, போன வாரம் டிவியில வந்தீங்களோ?” என்று கேட்டிருக்கிறார். மூன்று வாரத்தில் மறுப்புக் கடிதம் வந்தது.

கடிதத்தை எடுத்துக்கொண்டு எங்கள் அலுவலகத்துக்கு வந்தார். இரண்டு ஆண்டுச் சீட்டுகள் எல்லாவற்றையும் மேசையில் பரப்பி முதல்முறையாக வரிசைப்படுத்தினோம். தெரிய வந்தவை இவை.

கடைசி இரண்டு ஆண்டில் 22 வேடம், 52 படப்பிடிப்பு நாள். 22-இல் 13 வேடம் ஸ்டாசி ஆள், மக்கள் போலீஸ், கட்சிச் செயலாளர் வகையறா. 2008 ஜூலையில் முடிந்த அரங்கு வேலை மூன்று மாதச் சொச்ச வித்தியாசத்தில் இரண்டு ஆண்டுக் கணக்குக்கு வெளியே விழுந்துவிட்டது. பதினான்கு வருடமும் பூஜ்யம்.

அடுத்தது, ஒவ்வொரு சமூகக் காப்பீட்டுச் சீட்டிலும் ஒரு மூன்று இலக்க எண். சிலவற்றில் 101, சிலவற்றில் 118. அதை அதுவரை நாங்கள் யாரும் படித்ததே இல்லை. 101 என்றால் சாதாரண ஊழியர். 118 என்றால் ஒரு வாரத்துக்கும் குறைவாக, அங்கொரு நாள் இங்கொரு நாள் வேலை செய்யும் தற்காலிகர். 118-இல் பதிவான நாளுக்கு வேலையில்லாக் காப்பீடு பிடிக்கவே மாட்டார்கள். அந்த நாள் அங்கே நடக்காத நாள். இவருடைய 52-இல் 19 நாள் அப்படிப் போனது. மீதி 33 நாளில் சில கம்பெனிகள் முதல் நாளிலிருந்து கடைசி நாள் வரை இடைவெளியையும் சேர்த்துப் பதிவு செய்திருந்ததால் மொத்தம் 81 நாள் தேறியது.

உதவித்தொகைக்குத் தேவை 360 நாள். குறுகிய கால ஒப்பந்தத்திலேயே பிழைப்பவர்களுக்கென்று 2009 ஆகஸ்டில் வந்த சலுகை விதிப்படி 180. இரண்டுக்கும் பக்கத்தில்கூட இல்லை.

அப்படியானால் எல்லாவற்றையும் 101-இல் பதிவு செய்தால் நல்லதா என்றால், அதிலும் ஒரு சுருக்கு. 101-இல் ஒரே ஒரு நாள் பதிவானால் பென்ஷன் பங்களிப்பையும் அந்த ஒரு நாளின் உச்சவரம்பு வரைதான் பிடிப்பார்கள். 2010-இல் மேற்கு மாநிலங்களில் மாத உச்சவரம்பு 5,500 யூரோ. முப்பதால் வகுத்தால் 183 யூரோ சொச்சம். கொலோனில் ஆயிரம் யூரோ வாங்கிய நாளில் பென்ஷன் கணக்கில் ஏறுவது 183 யூரோவுக்கான பங்குதான். 118-இல் மாத உச்சவரம்பு வரை ஏறும், ஆனால் வேலையில்லாக் காப்பீடு கிடையாது. முன்னதில் முதுமைக்கு ஓட்டை, பின்னதில் அடுத்த மாதத்துக்கு ஓட்டை. எந்தப் பதிவு என்பதைக் கம்பெனியின் கணக்குப் பிரிவு முடிவு செய்துவிடும். கேட்டால் சிலர் ஒப்பந்தத்தை வேறு மாதிரி எழுதித் தருவார்கள் என்பது பின்னால்தான் தெரிந்தது.

இதற்கு நடுவில் நான் ஒரு தவறான கதவைத் தட்டினேன். கலைஞர்களுக்கென்று 1983 முதல் இயங்கும் சமூகக் காப்பீட்டு நிதி வில்ஹெல்ம்ஸ்ஹாஃபனில் இருக்கிறது. அதன் பெயரைக் கேள்விப்பட்டிருந்தேன், கலைஞர் என்றால் அங்கேதானே என்று விண்ணப்பம் நிரப்பி அனுப்பினேன். அது சுயதொழில் கலைஞர்களுக்கானது. படத்தில் நடிப்பவர் சட்டப்படி கம்பெனியின் ஊழியர், அது ஒரே நாளானாலும். நாகரிகமான மறுப்புக் கடிதம் வந்தது. ஒரு வாரம் விதிகளைப் படித்திருந்தால் தபால்தலை மிச்சம்.

2011 ஜனவரி: எடுத்த முடிவுகள்

ஏஜென்ட் அம்மா, நடிகர், நான் மூவரும் ஒரு மதியம் உட்கார்ந்தோம்.

முதல் முடிவு ஏஜென்டுடையது: ஒரு வருடம் சீருடை வேடம் எதற்கும் சம்மதிப்பதில்லை. அவர் வாதம் இது. காஸ்டிங் டைரக்டர் ஒரு நடிகரைத் தேடும்போது கடைசியாக அவர் என்ன செய்தார் என்றுதான் பார்க்கிறார். கடைசி பத்தும் ஸ்டாசி என்றால் பதினொன்றாவதும் அதுதான். அந்த அலை வடிந்துவிட்டது. அதோடு இவரும் வடிந்துவிடக் கூடாது. நடிகர் உடனே ஒத்துக்கொண்டார். அவருக்கு அந்த வேடங்கள் கசந்துபோயிருந்தன. அவருடைய அப்பா ரயில்வே பட்டறையில் வேலை செய்தவர், கட்சியில் சேராததால் பதவி உயர்வு கிடைக்காதவர். “அவர் உயிரோடு இருந்தால் ஒவ்வொரு ஞாயிறும் என் முகத்தில் அவர் வெறுத்த ஆளைப் பார்த்துக்கொண்டிருப்பார்” என்றார்.

இரண்டாவது, டெமோ ரீலை மாற்றுவது. இருந்தது ஆறு நிமிடம். முதல் ஒன்றரை நிமிடத்தில் மூன்று விசாரணைக் காட்சி. அதைத் தூக்கிவிட்டால் போட எதுவும் இல்லை. அதனால் பாபெல்ஸ்பெர்க் திரைப்படப் பள்ளி மாணவி ஒருவரின் பட்டப்படிப்புப் படத்தில், கிட்டத்தட்டச் சம்பளமே இல்லாமல், அப்பா வேடம் ஒன்றை ஏற்றார்.

மூன்றாவது என் வேலை: ஒரு அட்டவணை. தேதி, கம்பெனி, படப்பிடிப்பு நாள், பதிவான நாள், 101-ஆ 118-ஆ. ஒப்பந்தம் கையெழுத்தாகும் முன்பே கம்பெனியிடம் கேட்பது. உடை அளவு பார்க்கும் நாள், வசனம் வாசிக்கும் நாள் இவற்றையும் வேலைநாளாக எழுதச் சொல்லி வற்புறுத்துவது.

நான்காவது, குளிர்காலத்தில் ஏதாவது அரங்கில் ஒற்றை நாடக ஒப்பந்தம் பிடிப்பது. அக்டோபருக்குப் பிறகு படப்பிடிப்பு குறைந்துவிடும். அரங்கிலோ ஒத்திகையிலிருந்தே தொடர் வேலையாகப் பதிவாகும்.

இப்போது திரும்பிப் பார்த்தால், முதல் முடிவும் மூன்றாவது முடிவும் ஒன்றோடொன்று முட்டுகின்றன என்று அந்த அறையிலேயே யாராவது சொல்லியிருக்க வேண்டும். வேடத்தை மறுத்தால் நாள் குறையும். நாள்தான் வேண்டும் என்று அட்டவணை போடுகிறோம். நாங்கள் மூவரும் தலையாட்டினோம்.

2011–2013: நடந்தது

2011-இல் ஆறு வேடத்தை மறுத்தோம், ஏறக்குறைய 17 நாள். அந்த இடத்தை நிரப்ப வேறு வேடம் வரவில்லை. அந்த ஆண்டு மொத்தம் 9 படப்பிடிப்பு நாள், பதிவானது 21. மூன்று காஸ்டிங் அலுவலகங்கள் கூப்பிடுவதையே நிறுத்திவிட்டன. மனைவி ஆசிரியை; அந்த வருடம் வீடு அவர் சம்பளத்தில் ஓடியது.

அக்டோபரில் ஒரு நகர அரங்கு கிறிஸ்துமஸ் சிறுவர் நாடகத்துக்கு அழைத்தது. ஜெர்மன் அரங்குகளுக்கு அது வருடாந்தர வரும்படி. பள்ளிப் பிள்ளைகளைப் பேருந்தில் கொண்டுவந்து காலையிலேயே இரண்டு காட்சி போடுவார்கள். இவருக்குக் கரடி வேடம். அக்டோபர் 1 முதல் டிசம்பர் 31 வரை, 92 நாள், எல்லாம் 101. நான் சந்தோஷமாக அட்டவணையில் ஏற்றினேன். ஐம்பது வயதில், காலை ஒன்பது மணிக்கு, முகமே தெரியாத கரடித் தலைக்குள் இருந்தவர் எவ்வளவு சந்தோஷப்பட்டார் என்று நான் கேட்கவில்லை.

2012-இல் அடுத்த கரடிக்கு அழைப்பு வந்தபோது, நடிகர் சங்கத்தின் வழக்கறிஞரிடம் கணக்கைக் காட்டினேன். அவர் பார்த்த முதல் விஷயம் நான் பார்க்காதது. 180 நாள் சலுகை கிடைக்க வேண்டுமென்றால், கணக்கில் உள்ள நாட்களில் பெரும்பகுதி குறுகிய கால ஒப்பந்தத்திலிருந்து வந்திருக்க வேண்டும். அந்த ‘குறுகிய’ என்பது 2009-இல் ஆறு வாரம், 2012-இல் பத்து வாரம். 92 நாள் என்பது பதின்மூன்று வாரம். இன்னொரு 92 நாள் சேர்த்தால் மொத்தம் கூடும், ஆனால் நீண்ட ஒப்பந்தத்தின் பங்கு சரிபாதியைத் தாண்டிவிடும்; சலுகை போய்விடும், 360-உம் எட்டாது. அதிக நாள் வேலை செய்து உரிமையை இழப்பது. ஒரே ஒரு நாள் இல்லாமல் பதினான்கு வருடத்தை இழந்ததற்கு இது நேர்மாறான பள்ளம்.

அரங்கிடம் பேசினோம். பெரிய வேடத்தைச் சின்னதாக்கிக் கொடுத்தார்கள். ஒத்திகைக்குத் தாமதமாக வந்தால் போதும், அக்டோபர் 16 முதல் டிசம்பர் 24 வரை, சரியாக 70 நாள், பத்து வாரம். கரடியிலிருந்து மரங்கொத்திக்கு இறங்கினார்.

இடையில் மாணவியின் படம் 2012 ஜனவரியில் சார்ப்ரூக்கனில் நடக்கும் இளம் இயக்குநர்கள் விழாவில் திரையிடப்பட்டது. அதில் இவர் சமையலறையில் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டே, வெளிநாடு போகும் மகள் பேசுவதைக் கேட்பார். நாற்பது நொடி, ஒரு வசனமும் இல்லை. ஒரு இடத்தில் கத்தி நிற்கும், அப்புறம் ஓடும். அந்தக் காட்சியைத்தான் புது ரீலின் தொடக்கத்தில் வைத்திருந்தோம். விழாவில் பார்த்த ஒரு காஸ்டிங் டைரக்டர், டாட்டோர்ட் ஒன்றில் பண்ணையார் வேடம் கொடுத்தார். 11 படப்பிடிப்பு நாள். அதற்கு முன்னால் இவ்வளவு நாள் ஒரே வேலையில் அவருக்குக் கிடைத்ததில்லை. 2012-இல் மொத்தம் 19 நாள், பதிவானது 58.

2013 ஜனவரி தொடக்கத்தில் மறுபடி அதே கவுண்டர். கணக்கு: 2011 படப்பிடிப்பு 21, கரடி 92, 2012 படப்பிடிப்பு 58, மரங்கொத்தி 70. மொத்தம் 241. குறுகிய ஒப்பந்த நாள் 149, நீண்டது 92. சலுகைக்கு வருமான உச்சவரம்பும் உண்டு. அதைத் தாண்டும் அளவுக்கு அவர் சம்பாதித்திருக்கவில்லை. ஆறு மாதக் காப்பீட்டுக்கு மூன்று மாத உதவி, எட்டு மாதத்துக்கு நான்கு. மாதத்தை முப்பது நாளாகத்தான் எண்ணுவார்கள். எட்டு மாதம் என்றால் 240. ஒரு நாள் உபரி. அந்த ஒரு நாள் ஒரு உடை அளவு பார்த்த நாள். அதை ஒப்பந்தத்தில் எழுதச் சொல்லி நான் நான்கு மின்னஞ்சல் அனுப்பியிருந்தேன். என் பத்து வருட உத்தியோகத்தில் இதை விடப் பெருமைப்பட்ட விஷயம் இல்லை.

2013–2020

அதே ஆண்டு கோடையில் மாலை நேர மருத்துவமனைத் தொடர் ஒன்றில் கிடங்குப் பொறுப்பாளர் வேடம் நிலையாகக் கிடைத்தது. வாரம் ஒரு நாள், சில வாரம் இரண்டு. ஆனால் பருவம் முழுவதையும் ஒரே ஒப்பந்தமாக எழுதினார்கள். வருடத்தில் ஐந்தாறு மாதம் தொடர் பதிவு. 2014-இல் நடிகர்களுக்கென்று தனி ஊதிய உடன்பாடு வந்து தொடக்க நாள் சம்பளம் 750 யூரோ என்று வரையறுத்தது. இவர் அதற்கு மேலே இருந்தார். ஐந்து பருவம் ஓடியது.

2018-இல் கதையில் அவரை ஓய்வு பெறவைத்து பால்டிக் கடற்கரைக்கு அனுப்பிவிட்டார்கள். ஒப்பந்தம் முடிந்த மறுநாள் காலை எட்டு மணிக்கு வேலைவாய்ப்பு அலுவலக வாசலில் நின்றார். 12 மாத உரிமை. நான்கு மாதத்தைப் பயன்படுத்தினார், பிறகு வேலை வந்தது. 2020 மார்ச்சில் கொரோனாவால் படப்பிடிப்புகள் நின்றபோது, கையில் ஒப்பந்தம் இருந்தவர்களுக்குக் குறுகிய வேலைநேர உதவி (வேலை நின்ற நேரத்துக்கான சம்பளத்தில் ஒரு பகுதி) கிடைத்தது. இரண்டு ஒப்பந்தத்துக்கு நடுவில் இருந்தவர்களுக்கு அது கிடையாது. இவர் நடுவில்தான் இருந்தார். 2018-இன் மிச்சம் எட்டு மாதம் இன்னும் உயிரோடு இருந்தது.

ஸ்டாசி வேடம் அதற்குப் பிறகு இரண்டு முறை செய்தார். இரண்டையும் அவரே கேட்டு வாங்கினார்.

இப்போது செய்தால்

அரங்கை விட்டு வரும் எந்த நடிகரிடமும் முதல் கேள்வி, நல்ல புகைப்படம் இருக்கிறதா என்பதற்கும் முன்னால், பதிவு செய்துவிட்டீர்களா என்பதாக இருக்க வேண்டும். ஒப்பந்தம் முடியும் மூன்று மாதம் முன்பே வேலை தேடுபவராக அறிவிக்க வேண்டும் என்பது சட்டம். முடிந்த முதல் நாளே நேரில் போக வேண்டும் என்பது அனுபவம். அன்று படப்பிடிப்பு இருந்தால் மறுநாள். விதிகள் அப்புறம் தளர்ந்திருக்கின்றன: 2020 முதல் இரண்டு ஆண்டுக்குப் பதில் 30 மாதம் பார்க்கிறார்கள், பத்து வாரம் பதினான்கு வாரமாகியிருக்கிறது. இன்றைய விதியில் அந்த 92 நாள் கரடி குறுகிய ஒப்பந்தமாகவே எண்ணப்பட்டிருக்கும். 2010 நவம்பரில் பதினான்கு வருட அரங்கு வேலையின் கடைசித் துண்டு கணக்குக்குள் வந்திருக்கும்.

ஒரு வருடம் சீருடை மறுப்பு என்ற முடிவைப் பற்றி எங்களுக்குள் இன்னும் ஒருமித்த கருத்து இல்லை. அதனால்தான் டாட்டோர்ட் வேடம் வந்தது என்கிறார் ஏஜென்ட். என் கணிப்பு வேறு: வேடத்தைக் கொண்டுவந்தது நாற்பது நொடி உருளைக்கிழங்கு, மறுத்த ஆறில் நான்கை ஏற்றிருந்தாலும் அது வந்திருக்கும். மாணவர் படத்தை முதலில் முடித்து, ரீலை மாற்றி, அதற்குப் பிறகு மறுக்க ஆரம்பித்திருக்க வேண்டும். வரிசைதான் பிசகு. நடிகரோ மறுத்ததில் தனக்கு வருத்தமே இல்லை என்கிறார். அப்பா விஷயம் தெரிந்த பிறகு நான் அதற்கு மேல் வாதாடுவதில்லை.

பென்ஷனைச் சரிசெய்ய நாங்கள் எதுவும் செய்யவில்லை, அதைச் சொல்லிவிட வேண்டும். அவர் பிறந்த ஆண்டுக்காரர்களுக்கு முழுப் பென்ஷன் வயது 66 வருடம் 6 மாதம். ஓய்வூதியக் காப்பீட்டிலிருந்து வரும் வருடாந்தரக் கடிதத்தில், அரங்கின் 14 ஆண்டு சேர்த்த புள்ளிகள் அதற்குப் பின் வந்த தொலைக்காட்சி ஆண்டுகள் எல்லாம் சேர்த்ததைவிட இன்னும் அதிகம். பேக்கரியில் அவரை நிறுத்திப் பேசுகிறவர்கள் யாரும் அரங்கில் அவரைப் பார்த்தவர்கள் இல்லை.

நான் ஏஜென்சியை விட்டு வந்த பிறகும் அந்த அட்டவணையை அவர் தொடர்கிறார். போன வசந்தத்தில் ஒரு ஒப்பந்தத்தின் படத்தை அனுப்பியிருந்தார். ‘படப்பிடிப்பு நாள்: 2’ என்று அச்சாகியிருந்ததற்குக் கீழே, சாய்ந்த கையெழுத்தில், ‘உடை அளவு: 1, வேலைநாளாகப் பதிவு செய்யவும்’ என்று சேர்த்திருந்தார். வேடம்: பக்கத்து வீட்டுக்காரர்.